நாஞ்சில் நாட்டு வில்லும் கலைவாணர் நகையும்

நாகர்கோவிலின் ஒரு பகுதியாகப் பழையாற்றை அடுத்து அமைந்தது ஒழுகினசேரி. அவ்வூரில் 1908ஆம் ஆண்டு நவம்பர்த் திங்கள் 29ஆம் நாள் பிறந்தவர் என். எஸ். கிருஷ்ணன். தந்தையார் சுடலைமுத்துப் பிள்ளை, தாயார் இசக்கியம்மாள். வாழ்க்கைக் குறிப்பு எழுதுவோர் இப்பெயர்களை ஒரு வரியிற் கூறி மேற்செல்வர். தென்பாண்டி நாட்டு வழக்காறு அறிந்தார் சற்றே நின்று நோக்குவர். சுடலைமாடனும் இசக்கியும் நாஞ்சில் நாட்டுக் கொடை விழாக்களில் வில்லடித்துப் பாடப்பெறும் தெய்வங்கள். தந்தை பெயரும் தாய் பெயரும் ஒருங்கே வில்லுப்பாட்டின் கதைத் தலைவர்களை நினைவூட்டும் ஒரு வீட்டில், வில்லின் ஓசை கேட்கும் ஒரு சூழலில் அவர் பிறந்தார்.

கிருஷ்ணனைப் பற்றிய எழுத்துக்கள் பலவற்றுள்ளும் ஒரு வாய்பாடு உண்டு. ‘இந்தியாவின் சார்லி சாப்ளின்’ என்பதே அது. புகழுரை என்ற அளவில் அதனைக் குறை கூறுவதற்கில்லை. ஆராய்ச்சி என்ற அளவில் அது பெரிதும் வழுவியதாகும். சாப்ளின் உடலால் நகையை விளைத்தவர். பேசும் படம் வந்த பின்னரும் பல்லாண்டுகள் பேச மறுத்தவர். கிருஷ்ணன் கலையோ சொல்லால் ஆயது. வினாவும் விடையுமாய், கதையும் பாட்டுமாய் இயங்குவது. ஒருவர் சொல்ல மற்றொருவர் ஏற்றும் மறுத்தும் தொடர்வது. இம்முறையின் ஊற்றை மேனாட்டில் தேடுமுன் ஒழுகினசேரியில் தேடுதல் முறையாகும் என்பதே இக்கட்டுரையின் கருத்து.

இளமையில் அவர் வில்லுப்பாட்டிற் பயின்றவர் என்பது அவர் வரலாற்றை எழுதினோர் யாவரும் உடன்படுவது. அக்கலையின் அமைப்பை ஈண்டுச் சிறிது விரித்துக் கூறுதல் வேண்டும். பெரிய வில் ஒன்று குடத்தின் கழுத்தோடு பிணைக்கப்பெறும். வில்லில் மணிகள் தொங்கும். தலைமைப் பாடகர் இரு கைகளிலும் வீசுகோல் கொண்டு நாணை அடித்துக் கதை தொடுப்பார். குடம் அடிப்போர், உடுக்கை, தாளம், கட்டை முதலியன இசைப்போர் இருமருங்கும் அமர்வர். அவருள் ஒருவர் தலைவரின் ஒவ்வொரு கூற்றுக்கும் ‘ஆமாம்’ என்பார்; சிற்சில இடங்களில் ‘அது எப்படி?’ என்பார். இந்த ஆமாம் போடுவோரை வெறும் துணை எனக் கருதுதல் பிழை. கேட்போர் கூட்டத்தின் ஐயத்தை மேடைமேல் வைத்து வினவும் நாவாக அவர் அமர்ந்திருக்கின்றார். நள்ளிரவு கடந்து கேட்போர் கண் சோரும் வேளையில், கதையை நிறுத்தி ஊர்ச் செய்தி ஒன்றை இடையிட்டு நகை விளைப்பதும் அவ்விருவருக்கும் உரிய உரிமையாகும். கொடை விழாக்களில் விடியுமளவும் அமர்ந்து கேட்டோர், கதைப் பகுதி மறந்த பின்னும் அவ்விடையீடுகளை நினைவில் வைத்திருப்பதை யான் கண்டிருக்கின்றேன்.

கதைக்குப் புறம்பானதுபோல் வந்து, கதையைக் கேட்கச் செய்யும் இந்த இடையீட்டு நகையே பின்னர்த் திரைப்படத்தில் கிருஷ்ணன் கையாண்ட முறை. அதற்கு முன் அவர் நாடக மேடையைக் கடந்து வந்தார்.

வறுமை காரணமாகப் பள்ளிப் படிப்பு நெடிது செல்லவில்லை. நாடகக் கொட்டகையில் தின்பண்டமும் சோடாவும் விற்ற சிறுவராகவே அவர் முதலில் நாடகத்தைக் கண்டார். 1925ஆம் ஆண்டு டி. கே. எஸ். சகோதரர்கள் திருவனந்தபுரத்தில் ஸ்ரீ பால ஷண்முகானந்த சபையைத் தொடங்கினர். பதினாறு, பதினேழு அகவையினராய்க் கிருஷ்ணன் அக்குழுவிற் சேர்ந்தார். அச்சகோதரர்கள் சங்கரதாஸ் சுவாமிகளின் மாணவர்கள். 1918இல் மதுரையில் சுவாமிகள் அமைத்த தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையிற் பயின்றவர்கள். எனவே கிருஷ்ணனுக்குக் கிடைத்த நாடகப் பயிற்சி சுவாமிகள் வழியினதே. அம்மரபில் பபூன் என்னும் கோமாளிக்கு ஒரு தனிநிலை உண்டு. ஏனையோர் எழுதிய உரையாடலையே பேசுதல் வேண்டும்; பபூனோ திரைக்கு முன் வந்து அன்றன்றைய செய்தியைத் தன் விருப்பப்படி பேசலாம். வில்லுப்பாட்டின் இடையீட்டுரிமையும் பபூனின் திரைமுன்னுரிமையும் கிருஷ்ணனிடம் ஒன்று கலந்தன.

இக்கலப்பிற்குத் தெளிவான சான்று ‘தேசபக்தி’ நாடகம். வெ. சாமிநாத சர்மாவின் ‘பாணபுரத்து வீர’னைத் தழுவிய அந்நாடகத்தை 1931இல் டி. கே. எஸ். குழுவினர் மேடையேற்றினர். அதனுள் கிருஷ்ணன் காந்தியடிகள் வரலாற்றை வில்லுப்பாட்டாக நிகழ்த்தினார். மாடனும் இசக்கியும் இருந்த இடத்தில், வாழ்ந்துகொண்டிருக்கும் ஒரு மனிதர் கதைத் தலைவராக அமர்கின்றார். வில்லுப்பாட்டின் பொருளில் நிகழ்ந்த மாற்றங்களுள் இதனினும் பெரியது வேறொன்று உண்டோ என ஐயுறுகின்றேன். நாட்டுப்புறவியலார் இந்நிகழ்ச்சியை நாடக வரலாற்றின்பாற் படுத்தி விட்டுவிட்டனர். நாடக வரலாற்றாசிரியர் தேசிய இயக்கத்தின்பாற் படுத்தி விட்டுவிட்டனர்.

திரைப்படத்திற்கு அவர் வந்தது 1935, 1936ஆம் ஆண்டுகளில். எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘சதிலீலாவதி’யே அவர்தம் முதற்படம் என்பாரும் உளர். அது 1936இல் வெளிவந்தது. டி. கே. எஸ். குழுவினர் நடித்த ‘மேனகா’ அதற்கு முந்திய ஆண்டிலேயே திரையிடப்பெற்றது. அதில் கிருஷ்ணன் உண்டு. ஆகவே மக்கள் கண்ட முறையில் ‘மேனகா’வே முந்தியது. ‘வசந்தசேனா’ என்னும் படத்தின் பொருட்டுப் பூனா நகர் சென்றபோது திருவரங்கத்தைச் சேர்ந்த டி. ஏ. மதுரத்தைச் சந்தித்தார். அச்சந்திப்பு மணத்தில் முடிந்தது. அவர் முன்னரே மணமானவர் என்பதையும் வரலாறு எழுதுவோன் மறைத்தல் ஆகாது.

மதுரத்தை ‘உடன் நடித்த மனைவி’ என்ற அளவில் வைத்து எழுதுவது வழக்கமாகிவிட்டது. இருவரும் தோன்றும் காட்சிகளைக் கூர்ந்து நோக்குவார்க்கு அது பொருந்தாது என்பது புலனாகும். கிருஷ்ணன் ஒரு கருத்தைத் தொடங்குவார். மதுரம் அதனை வினவி, மடக்கி, பெண்ணின் பக்கத்திலிருந்து ஒரு சொல் எறிந்து, அக்கருத்தை வேறு வழியில் திருப்புவார். வில்லுப்பாட்டில் ஆமாம் போடுவோரின் இடம் இதுவே. ஆயின் மதுரம் ஆமாம் மட்டும் போட்டாரல்லர். அறிவுரையாக முடியவேண்டிய பல காட்சிகள் நகையாக முடிந்தது அவர் மறுப்பினாலேயே ஆகும். கிருஷ்ணன் தனித்துப் பேசும் காட்சிகள் சில இன்று பார்க்கும்போது பாடம் நடத்துவனவாய்த் தோன்றுகின்றன. மதுரத்தோடு பேசுவன அவ்வாறு தோன்றுவதில்லை.

1930களின் பிற்பகுதியிலும் 1940களின் தொடக்கத்திலும் கிருஷ்ணன் கண்ட தொழில்முறை தனித்து ஆராயத்தக்கது. படத்தின் கதைக்குத் தொடர்பின்றியோ சிறுதொடர்போடோ நகைச்சுவைப் பகுதியைத் தாமே எழுதி, தம் குழுவினரைக்கொண்டு நடித்துப் படமாக்கி, தயாரிப்பாளரிடம் அளிக்கும் வழக்கத்தை அவர் ஏற்படுத்தினார். ‘அம்பிகாபதி’ (1937), ‘திருநீலகண்டர்’ (1939), ‘உத்தமபுத்திரன்’ (1940), ‘ஆரியமாலா’ (1941), ‘கண்ணகி’ (1942), ‘ஹரிதாஸ்’ (1944) என அவர் நடித்த படங்கள் தொடர்ந்தன. திருவனந்தபுரத்துப் பேராசிரியர் பெ. சுந்தரம் பிள்ளை 1891இல் வெளியிட்ட ‘மனோன்மணீய’த்தைத் தழுவிய ‘மனோன்மணி’ (1942) படத்திலும் அவ்விணையர் உண்டு. 1941இல் ‘அலிபாபாவும் நாற்பது திருடர்களும்’ படத்தில் அவரே கதைத் தலைவர். ஆயினும் தலைவனாக நடித்ததைவிட, பிறர் கதையின் இடையே நுழைந்தபோதே அவர் கலை விளங்கியது என்பது என் துணிபு.

இம்முறையால் விளைந்த தீங்கும் ஒன்றுண்டு. கதையினின்று பிரித்தெடுக்கத்தக்க பகுதி என்பதாலேயே, படத்தைப் பற்றி எழுதுவோர் அப்பகுதியைப் பிரித்தே வைத்தனர். இயக்குநர் வரலாற்றிலும் அதற்கு இடமில்லை. கதை வரலாற்றிலும் இடமில்லை. எழுதியவர், நடித்தவர், ஆக்கியவர் ஆகிய மூவரும் ஒருவரேயாக இருந்தும் ‘நகைச்சுவை நடிகர்’ என்ற ஒரு பெயரே அவருக்குக் கிடைத்தது.

உலக அரங்கிலிருந்து ஓர் ஒப்புமை தேடுவதாயின், சாப்ளினை விடுத்துச் செக் நாட்டுத் தலைநகரான பிராகாவை நோக்கலாம். யிர்ஷி வொஸ்கொவெச், யான் வெரிக் என்னும் இருவர் 1920களின் பிற்பகுதி தொட்டு 1938 வரை அந்நகரில் ‘விடுதலை அரங்கு’ எனப் பொருள்படும் பெயருடைய நாடகக் குழுவில் விளங்கினர். நாடகத்தின் இடையே திரைக்கு முன் இருவரும் வந்து நின்று, நாட்டு நடப்பைப் பற்றித் தமக்குள் உரையாடுவர். மக்கள் பெரிதும் விரும்பியது அவ்வுரையாடலையே. நாத்சிகளை எள்ளிய அவர்தம் அரங்கு 1938இல் மூடப்பட்டது. இருவரும் அமெரிக்கா சென்றனர். பின்னர் வெரிக் தாயகம் மீண்டு மேடையிலும் திரையிலும் நடித்தார்; 1980இல் மறைந்தார். கிருஷ்ணனும் அவ்விருவரும் ஒருவரையொருவர் அறிந்தாரல்லர். ஆயினும் கதைக்கு வெளியே நின்று இருவர் பேசும் பேச்சில் அரசியல் உரிமை பிறக்கின்றது என்பதனை இரு நாட்டாரும் தத்தம் வழியிற் கண்டனர். பிராகாவில் அதற்கு வேர் மேனாட்டு நகரக் கேளிக்கை அரங்கு. நாகர்கோவிலில் அதற்கு வேர் கோவிற் கொடை.

இனிக் கூறவேண்டுவது அவர் வாழ்வின் இருண்ட பகுதி. ‘சினிமா தூது’, பின்னர் ‘இந்து நேசன்’ ஆகிய ஏடுகளை நடத்தித் திரைத்துறையினரின் தனிவாழ்வைத் தூற்றி எழுதிவந்த இலட்சுமிகாந்தன் 1944 நவம்பர் 8ஆம் நாள் சென்னை வேப்பேரிப் பகுதியிற் குத்தப்பட்டு மறுநாள் இறந்தார். அக்கொலைக்குச் சதி செய்ததாக எம். கே. தியாகராஜ பாகவதரும் கிருஷ்ணனும் அவ்வாண்டு இறுதியில் கைது செய்யப்பெற்றனர். உடன் குற்றஞ்சாட்டப்பெற்ற இயக்குநர் ஸ்ரீராமுலு நாயுடு விடுதலையானார். 1945 மே 3ஆம் நாள் ஏனையிருவருக்கும் ஆயுள் தண்டனை விதிக்கப்பெற்றது. சென்னை உயர்நீதிமன்றத்தில் செய்த மேன்முறையீடு அவ்வாண்டே தள்ளுபடியாயிற்று. இலண்டன் பிரிவி கவுன்சிலுக்கு வழக்குச் சென்றது. அக்கவுன்சில் வழக்கை மீண்டும் உயர்நீதிமன்ற ஆய்வுக்கு அனுப்ப, 1947 ஏப்ரலில் இருவரும் குற்றமற்றவர் எனத் தீர்ப்பாகி வெளிவந்தனர். இரண்டாண்டுக்கு மேற்பட்ட காலம் கழிந்துவிட்டது.

இடைப்பட்ட காலத்தில் நாடகக் குழுவைக் காத்தவர் மதுரம். எஸ். வி. சகஸ்ரநாமம் அவருக்குத் துணை நின்றார். ப. நீலகண்டன் எழுதிய ‘தியாக உள்ளம்’ இக்குழுவினர் மேடையேற்றிய நாடகம், அதுவே ஏவி. மெய்யப்பனால் ‘நாம் இருவர்’ என்னும் படமாகி 1947 சனவரியில் வெளிவந்தது. அப்போது கிருஷ்ணன் சிறையில் இருந்தார். சகஸ்ரநாமம் தலைமை வேடம் ஏற்ற ‘பைத்தியக்காரன்’ படமும் இக்குழுவின் முயற்சியே. கிருஷ்ணன் விடுதலையானதும் அப்படத்தில் அவருக்குரிய பகுதி சேர்க்கப்பெற்றது. தாம் சிறை சென்று மீண்டதையே அவர் அதில் நகைப்பொருளாக்கினார். ஜெமினியின் ‘சந்திரலேகா’விலும் (1948) அவ்விணையருக்கு இடம் அமைந்தது அவர் விடுதலைக்குப் பின்னரே.

சிறையினின்று மீண்ட பாகவதருக்குப் பழைய ஒளி மீளவில்லை, கிருஷ்ணனுக்கு மீண்டது. ஏன்? இருவர் பாலும் மக்கள் கொண்ட அன்பில் வேறுபாடு இல்லை. மாறிவந்த இசைச் சுவையைக் காரணமாகக் கூறுவர். அதுவும் ஒருவாறு உண்மையே. யான் வேறொன்றைச் சேர்த்துக் கூற விரும்புகின்றேன். தொல்காப்பியர் நகைக்கு நிலைக்களனாகக் கூறிய நான்கனுள் முதலாவது எள்ளல். அதற்குப் பொருள் கூறும் பேராசிரியர், தான் பிறரை எள்ளி நகுதலும், பிறரால் எள்ளப்பட்டவிடத்துத் தான் நகுதலும் என இருவகைப்படுத்துவர். முன்னது எளிது, பின்னது அரிது. பாகவதர் ஏற்ற வேடங்கள் அரசரும் அடியாரும் காதலரும் ஆகிய உயர்ந்தோர் வேடங்கள்; சிறை அவ்வுயர்வைக் குலைத்தது. கிருஷ்ணன் தொடக்கமுதலே எள்ளப்படுவோன் வேடம் பூண்டவர். உலகம் தம்மை எள்ளியபோது தாமும் உடன் நகும் ஆற்றல் அவர்தம் கலையிலேயே இருந்தது. ‘பைத்தியக்கார’னில் சேர்ந்த அச்சிறைக் காட்சி பேராசிரியர் கூறிய இரண்டாம் வகைக்குத் திரைப்படம் தந்த எடுத்துக்காட்டாகும்.

சிறை மீண்ட பின்னரே நாடகத் தந்தை பம்மல் சம்பந்த முதலியார் வாயிலாகக் ‘கலைவாணர்’ என்னும் பட்டம் அவருக்குக் கிடைத்தது. அவர்தம் நகையின் போக்கும் இக்காலத்தில் மாறியது. 1949இல் வந்த ‘நல்லதம்பி’க்குக் கதை உரையாடல் எழுதியவர் சி. என். அண்ணாதுரை, திரைப்படத்திற்கு அவர் எழுதிய முதல் எழுத்து அதுவே. மதுவிலக்கு அதன் பொருள்களுள் ஒன்று. அதனுள் அமைந்த ‘கிந்தனார்’ காலட்சேபம் கிருஷ்ணன் படைப்புக்களுள் தலையாயது. பாடல் ஆக்கத்தில் அவருக்கு உற்ற துணையாயிருந்தவர் உடுமலை நாராயண கவி.

கோபாலகிருஷ்ண பாரதியாரின் நந்தனார் சரித்திரக் கீர்த்தனையை நன்கு அறிந்த அவையோர்க்கே ‘கிந்தனார்’ முழுதும் சுவைக்கும். நந்தன் தில்லை செல்ல ஏங்குகின்றான்; கிந்தன் கல்வி பெற நகரம் செல்ல ஏங்குகின்றான். நந்தனைத் தடுப்பது வேதியர் ஆணை; கிந்தனைத் தடுப்பதும் சாதியே. நந்தன் தீயிற் புகுந்து தூய்மை பெறுகின்றான். கிந்தன் புகைவண்டியில் ஏறிச் சென்று கற்று உயர்கின்றான். எவர் பக்கத்தில் எவர் அமர்வது என்று கேளாத ஊர்தியாகப் புகைவண்டி அக்கதையில் இடம் பெறுகின்றது. மூலத்தை இகழாது, அதன் வடிவம் முழுவதையும் ஏற்று, பொருளை மட்டும் மாற்றிய திறம் போற்றத்தக்கது. காலட்சேபம் செய்யும் பாகவதரின் உடையும் குரலும் நடையும் பிசகாமல் வருகின்றன. எனவே நகைப்பவரும் ஈடுபட்டே நகைக்கின்றனர்.

இத்தகைய சீர்திருத்த நகை நாஞ்சில் நாட்டிற்குப் புதிதன்று. கிருஷ்ணன் சிறுவராயிருந்த நாளில் தேரூர்க் கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளை ‘நாஞ்சில் நாட்டு மருமக்கள்வழி மான்மியம்’ பாடினார். மான்மியம் என்னும் பழைய புராண வடிவத்தை எடுத்துக்கொண்டு, மருமக்கள்வழிச் சொத்துரிமையால் அல்லற்படும் ஒரு பெண்ணின் வாயில் அதனை வைத்தார். 1926இல் திருவிதாங்கூர் அரசு நாஞ்சில் நாட்டு வேளாளர் ஒழுங்குச் சட்டத்தை இயற்றியபோது அந்நூல் உண்டாக்கிய கருத்து மாற்றமும் அதன் பின்னணியில் நின்றது. பழைய சமய வடிவம் ஒன்றைக் கையில் எடுத்து, அதனுட் புதிய வழக்கு ஒன்றை உரைப்பது இருவர்க்கும் பொது. ஒருவரைப் பார்த்து மற்றவர் செய்தார் என நிறுவுதற்கு இடமில்லை. ஒரே மண்ணின் பழக்கம் என்று கொள்ளலாம்.

1951இல் ‘மணமகள்’, 1952இல் ‘பணம்’ ஆகிய படங்களைக் கிருஷ்ணனே இயக்கினார். இரண்டிற்கும் உரையாடல் மு. கருணாநிதி. 1951இல் அவர் சோவியத் நாட்டிற்கும் சென்று வந்தார். இயக்குநராக அவர் பெற்ற வெற்றி நடிகராகப் பெற்றதற்கு நிகரன்று.

வில்லை மட்டும் அவர் விடவில்லை. நெல்லைச் சீமைச் சத்திரம் புதுக்குளத்தைச் சேர்ந்த சுப்பு ஆறுமுகம் என்னும் இளம்புலவரைக் கண்டு, சென்னைக்கு அழைத்து வந்து, காந்தியடிகள் வரலாற்றை வில்லுப்பாட்டாக எழுதச் செய்து, தாமே மேடையில் நிகழ்த்தினார். 1931இல் ‘தேசபக்தி’யில் தொடங்கிய இழை ஏறத்தாழ இருபதாண்டு கழித்து மீண்டும் கையிலெடுக்கப் பெற்றது. நாகர்கோவில் நகராட்சிப் பூங்காவில் காந்தியடிகளுக்கு அவர் தம் செலவில் எழுப்பிய நினைவுத்தூணையும் இத்தொடர்பில் வைத்துக் காணலாம்.

ஈட்டியதை ஈந்து தீர்த்தவர் என்பது அவரைப் பற்றிய பொது வழக்கு. கொடைக் கதைகள் பல வழங்குகின்றன. அவற்றுள் எது நிகழ்ந்தது, எது புனைந்தது எனப் பிரித்தல் எளிதன்று, தேவையும் அன்று. இறுதி ஆண்டுகளில் பொருள் தட்டுப்பாடும் நோயும் உடன் வந்தன. அந்நிலையிலும் ‘முதல் தேதி’ (1955), ‘மதுரை வீரன்’, ‘ராஜா ராணி’ (1956) எனப் படங்கள் வந்துகொண்டிருந்தன. 1956 நவம்பர் முதல் நாள் கன்னியாகுமரி மாவட்டம் அமைந்து சென்னை மாநிலத்தோடு இணைந்தது. திருவிதாங்கூர்க் குடியாகப் பிறந்து தமிழகம் முழுவதற்கும் உரியவராகிவிட்ட கிருஷ்ணன், தம் பிறந்த ஊர் தமிழகத்தொடு சேர்ந்த பின் பத்துத் திங்களே உயிர் வாழ்ந்தார். 1957 ஆகஸ்டு 30ஆம் நாள் சென்னையில் மறைந்தபோது அவருக்கு ஐம்பது அகவை நிரம்பவில்லை.

சென்னைத் தியாகராய நகரில் அவர்தம் சிலையை 1969 சனவரி 14ஆம் நாள் அண்ணாதுரை திறந்து வைத்தார். அண்ணாதுரை கலந்துகொண்ட இறுதிப் பொதுநிகழ்ச்சி அது என்பர். நாகர்கோவில் மணிமேடையிலும் சிலை உண்டு. சென்னைப் பாலர் அரங்கம் கலைவாணர் அரங்கம் எனப் பெயர் மாற்றம் பெற்று, புதிய கட்டடமாக 2016இல் மீண்டும் திறக்கப்பெற்றது. தொற்றுநோய்க் காலத்தில் தமிழ்நாட்டுச் சட்டமன்றமே அவ்வரங்கில் கூடியது. கிருஷ்ணன் அறிந்திருப்பின் அதனை ஒரு காட்சியாக்காமல் விட்டிருக்க மாட்டார்.

சிலைகள் நிற்கின்றன, படங்கள் பல நிற்கவில்லை. தமிழின் தொடக்கக் காலப் பேசும் படங்களுட் பெரும்பாலானவற்றின் சுருள்கள் அழிந்துவிட்டன. ஆயின் படத்தோடு விற்ற பாட்டுப் புத்தகங்களும், கிராமபோன் இசைத்தட்டுக்களும், அக்கால ஏடுகளின் மதிப்புரைகளும் ஆங்காங்கே எஞ்சியுள்ளன. காட்சி அழிந்தும் சொல் எஞ்சியிருத்தல் சொல்லால் ஆய இக்கலைக்குக் கிடைத்த பேறு எனலாம். இணையர் பேசிய இசைத்தட்டு உரையாடல்களைத் திரட்டி, அவற்றின் வினா விடை அமைப்பை ஏட்டுச் சுவடிகளிலும் ஒலிப்பதிவுகளிலும் உள்ள வில்லுப்பாட்டுக்களின் இடையீடுகளோடு ஒப்பிட்டு நோக்கும் பணி முதுகலை மாணவர்க்குத் தக்கது. இம்மரபை வாய்மொழியாய் அறிந்தோர் குறைந்து வருகின்றனர். கலைவாணரின் வில்லுக்குப் பாட்டெழுதிய சுப்பு ஆறுமுகமும் 2022 அக்டோபரில், தொண்ணூற்று நான்காம் அகவையில், சென்னையில் மறைந்தார்.